பழைய வீடியோ கேசட்டை மாற்றித் தரும் கடை, சேலம் அஞ்சு ரோடு

ஏற்காட்டு ஈரத்தில் பூஞ்சை பிடித்துக் கிடந்த மாமாவின் விஎச்எஸ் கேசட்டை அஞ்சு ரோடு பக்கம் ஒரு ஸ்டுடியோவில் பென்டிரைவுக்கு மாற்றக் கொடுத்தேன். மாமா மிமிக்ரி கலைஞர். லோக்கல் கேபிள் டிவியின் தீபாவளி நிகழ்ச்சியில், வேஷம் எதுவும் இல்லாமல் தன் பெயரைச் சொல்லி நின்று, எம்.ஆர்.ராதா குரலில் தன்னையே திட்டிக்கொள்வார், பார்க்க அவ்வளவு சிரிப்பாக இருக்கும். சிவகார்த்திகேயனும் 2012இல் 'மெரினா' வருவதற்கு முன்பு விஜய் டிவியின் 'கலக்கப் போவது யாரு'வில் அவராகவே நின்றவர்தானே. ஆனால் அவரை யூடியூபில் பார்த்துவிடலாம், மாமாவுக்கு இந்த ஒரு டேப்தான்.

கடையில் வேலை நிதானம். பூஞ்சையைத் துடைத்த பிறகுதான் விசிஆரில் போட்டார்கள். அப்படியே ஓட்டினால் விசிஆரில் டேப்பைப் படிக்கும் ஹெட் அடைத்துக்கொள்ளும், டேப்பும் அறுந்துபோகலாம். 3 மணி நேர டேப் பதிவாக அதே 3 மணி நேரம் ஆகும், அதனால் அவசரப்படுத்திப் பயனில்லை. குரல் சுத்தம். படம் ஓரத்தில் கொஞ்சம் நடுங்குகிறது, சரி, பழைய டேப்தானே.

ஒரே குறை, பழைய டிவி அளவான 4:3 படத்தை அகலத்திரைக்கு இழுத்துவிட்டதில் மாமா ஏகத்துக்கும் குண்டாகிவிட்டார்! கேட்டதும் முகம் சுளிக்காமல் மாற்றிக் கொடுத்தார்கள். ரேட் கொஞ்சம் கூடுதல்தான். கொடுக்கும்போதே 4:3 என்று பில்லில் எழுதச் சொல்லிவிடுங்கள்.