சிப் போட்ட நிண்டெண்டோ சுவிட்ச்: வாங்குவோர் கவனத்திற்கு

கொழும்பின் கொள்ளுப்பிட்டி, பம்பலப்பிட்டிக் கடைத்தொகுதிகளில் பாவித்த நிண்டெண்டோ சுவிட்ச் விளையாட்டுக் கருவியைத் தேடுவோரிடம், திருட்டுப் பிரதிகளைத் தடுக்கும் பூட்டை உடைத்து, புத்தம் புதிய விளையாட்டுகள் ஏற்கெனவே ஏற்றப்பட்ட "சிப் போட்ட" கருவியையும் காட்டுவார்கள். அண்ணன் தன் மகனுக்காக அப்படி ஒன்றை வாங்கினார். சில மாதங்களாக அதை நானும் பாவித்து வருவதால் இந்த மதிப்பீட்டை எழுதுகிறேன்.

திரையிலும் பொத்தான்களிலும் குறையில்லை. நினைவக அட்டையிலிருந்து விளையாட்டுகள் தடங்கலின்றி இயங்குகின்றன. ஆனால் நிண்டெண்டோவின் இணையக் கடையான ஈஷொப் திறக்கவில்லை. நண்பர்களோடு இணையவழியில் விளையாடவும் முடியவில்லை. கணக்கை மாற்றியும், எல்லாவற்றையும் அழித்துத் தொழிற்சாலை நிலைக்குக் கொண்டுவந்தும் பயனில்லை. ஒவ்வொரு சுவிட்ச் கருவிக்கும் உற்பத்தியின்போதே தனிக் குறியாக்கச் சாவிகளும், அதை அடையாளம் காட்டும் ஒரு மின்னணுச் சான்றிதழும் பதிக்கப்படுகின்றன. நிண்டெண்டோவின் சேவையகம் தடை விதிப்பது அந்தச் சான்றிதழுக்கே என்பதால், முன்னைய உரிமையாளர் செய்ததன் விளைவு இப்போது ஒரு சிறுவனிடம் வந்து சேர்ந்திருக்கிறது. விற்றவர் இதை முன்கூட்டியே சொல்லியிருக்க வேண்டும்.

பூட்டு எப்படித் திறந்தது என்பதையும் அறிந்துகொள்வது நல்லது. 2017இல் வெளிவந்த முதற் கருவிகளின் டெக்ரா எக்ஸ்1 செயலியில், தொடக்க நிரல் மாற்றமுடியாதபடி பதிக்கப்பட்டிருந்தது. அதிலிருந்த யூஎஸ்பி வழு 2018 ஏப்ரலில் பகிரங்கமானபோது, விற்றுமுடிந்த கருவிகளை எந்த மென்பொருள் புதுப்பிப்பாலும் திருத்த முடியவில்லை. வழு நீக்கப்பட்ட பிந்திய கருவிகளில், இயங்கத் தொடங்கும் கணத்தில் செயலியின் மின்னழுத்தத்தைக் குலைக்கும் சிப் ஒன்றை நுண்ணிய கம்பிகளால் பற்றவைக்கிறார்கள். அந்த வேலை பிசகினால் கருவியே பழுதாகும். சரியாக அமைந்தாலும், நிண்டெண்டோவின் புதுப்பிப்பை அறியாமல் நிறுவிவிட்டால், பூட்டை உடைத்தபின் கருவியை இயக்கும் மாற்று மென்பொருளும் அதற்கேற்பப் புதுப்பிக்கப்படும் வரை கருவி இயங்காமல் நிற்கக்கூடும்.

பழைய விளையாட்டுகளைப் பாதுகாக்க விரும்புவோரின் கவலையை நான் மதிக்கிறேன். நிண்டெண்டோவின் முந்தைய கையடக்கக் கருவியான 3டிஎஸ்ஸுக்கான ஈஷொப் 2023 மார்ச்சில் மூடப்பட்ட பின், அங்கு மட்டுமே கிடைத்த விளையாட்டுகளை வாங்க வழியில்லை. இன்றும் கடையில் விற்பனையாகும் விளையாட்டின் திருட்டுப் பிரதிக்கு அந்த நியாயம் பொருந்தாது. சாவிகளைக் கொண்டு விளையாட்டுகளின் குறியாக்கத்தை அவிழ்த்துக் கணினியில் இயக்க உதவிய யூசு மென்பொருளுக்கு எதிராக நிண்டெண்டோ தொடுத்த வழக்கு, அதை உருவாக்கியோர் 24 இலட்சம் டொலர் செலுத்த உடன்பட்டதோடு 2024 மார்ச்சில் முடிந்தது.

ஆகவே, விலை சற்றுக் கூடினாலும் மாற்றம் செய்யப்படாத கருவியையே வாங்குங்கள். பணம் கொடுக்குமுன் கடையிலேயே கைத்தொலைபேசியின் இணையத்தோடு இணைத்து ஈஷொப் திறக்கிறதா என்று பாருங்கள். தயங்கும் கடையில் வாங்காதீர்கள். சுவிட்ச் காட்ரிஜ்களுக்கு (விளையாட்டு பதிந்து விற்கப்படும் சிறு அட்டைகளுக்கு) பொதுவாக நாட்டுக் கட்டுப்பாடு இல்லாததால், சிங்கப்பூரிலிருந்தோ டுபாயிலிருந்தோ வரும் பாவித்தவையும் இங்கே இயங்கும். விளையாடி முடித்தபின் அவற்றை மீண்டும் விற்கலாம் என்பதால், செலவில் ஒரு பகுதி திரும்பக் கிடைக்கும். ஒவ்வொரு காட்ரிஜிலும் அதற்கே உரிய சான்றிதழ் இருப்பதாலும், அதைப் பிரதியெடுத்தவர் ஒருவர் அதே சான்றிதழோடு வேறொரு கருவியில் இணையத்துக்கு வரக்கூடும் என்பதாலும், பற்றுச்சீட்டைப் பத்திரப்படுத்துங்கள். தவறாகத் தடை விதிக்கப்பட்டால் நிண்டெண்டோவிடம் முறையிடும்போது காட்டுவதற்கு அது உதவும்.