மஞ்சக்குப்பம் கோர்ட் பக்கத்து டைப்பிங் கடை: படித்துக் காட்டிய பிறகுதான் கையெழுத்து வாங்கினார்கள்

நெல்லிக்குப்பத்தில் தையல் வேலை செய்கிறேன். மகள் பாலிடெக்னிக்கில் இரண்டாம் வருடம். நடு வருடத்தில் கல்லூரியை ஊருக்கு வெளியே புதுக் கட்டிடத்துக்கு மாற்றுகிறோம் என்று நோட்டீஸ் ஒட்டினார்கள். அங்கே போக இரண்டு பஸ் மாறணும். திரும்பி வர ஆறு மணிக்கு மேல் பஸ்ஸே கிடையாது. பெற்றோர் ஏழு பேர் சேர்ந்து வழக்குப் போட்டோம். பேப்பர் வேலை முழுக்க கடலூர் மஞ்சக்குப்பம் கோர்ட்டுக்குப் பக்கத்துச் சந்தில் இருக்கிற ஜெராக்ஸ், டைப்பிங் கடையில்தான் நடந்தது.

வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்தில். அரசியல் சட்டம் 226-வது பிரிவில் ரிட் மனு, அதாவது உரிமை பாதிக்கப்பட்டால் நேராக உயர் நீதிமன்றத்தில் போடுகிற மனு. கல்லூரியை இடம் மாற்ற ஏ.ஐ.சி.டி.இ. என்கிற அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழுவின் அனுமதி வேண்டும். அது கிடைத்துவிட்டதா என்று 2005-ஆம் வருடத்துத் தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டிக் கேட்டிருந்தோம். விண்ணப்பம் பரிசீலனையில் இருக்கிறது என்று பதில் வந்தது. எங்கள் வழக்கே அந்த ஒரு தாளை நம்பித்தான். அதில் தேதி முத்திரை வெளிறிப்போய், ஜெராக்ஸில் விழவே இல்லை. டைப் அடிக்கிற அக்கா தாளை ட்யூப் லைட்டுக்கு நேரே தூக்கிப் பிடித்துத் தேதியைப் படித்தார். "இப்படியே வச்சா ரிட்டர்ன் ஆயிடும்மா" என்று, கோர்ட்டில் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்ற அர்த்தத்தில் சொல்லி, முழுத் தாளையும் தனியாக டைப் அடித்து ஜெராக்ஸுக்குப் பின்னால் சேர்த்தார்.

அபிடவிட், அதாவது நான் சத்தியம் செய்து கொடுக்கிற வாக்குமூலம், ஆங்கிலத்தில். நான் எட்டாவது வரைதான் படித்தவள். தமிழில் வாசித்து விளக்கப்பட்டது என்று கடைசியில் ஒரு வரி வரும். இதற்கு முன்னால் வேறு காரியங்களுக்கு அந்த வரிக்குக் கீழே கையெழுத்துப் போட்டிருக்கிறேன், ஒருத்தரும் வாசித்துக் காட்டியதில்லை. இந்த அக்கா மானிட்டரை என் பக்கம் திருப்பி வைத்து, பாரா பாராவாகத் தமிழில் சொன்னார். ஆறாவது பாராவில் மாணவர்களை ஏற்கெனவே மாற்றிவிட்டார்கள் என்று இருந்தது. இல்லையே, லேப் மெஷின்களைத்தான் லாரியில் ஏற்றினார்கள், பிள்ளைகள் இன்னும் பழைய கட்டிடத்தில்தான் படிக்கிறார்கள் என்றேன். உடனே வக்கீலுக்குப் போன் போட்டு, அவர் சொன்னபடி திருத்தினார். மாற்றியாகிவிட்டது என்று நாமே எழுதிக் கொடுத்தால் இடைக்காலத் தடை எப்படிக் கேட்க முடியும் என்று வக்கீல் பிறகு சொன்னபோது எனக்கு உடம்பே நடுங்கிவிட்டது.

டைப்பிங் பக்கத்துக்கு 30 ரூபாய், ஜெராக்ஸ் 2 ரூபாய். திருத்தியதற்குத் தனியாகக் காசு வாங்கவில்லை. பக்க எண் போட்டு, நூல் கோத்துக் கொடுத்தார்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமலே சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாக வக்கீல் கிடைக்கும் என்று அக்காதான் சொன்னார். முன்பே தெரிந்திருந்தால் நகையை அடகு வைத்திருக்க மாட்டேன்.

குறை என்றால் உட்கார ஒரே ஸ்டூல். காலை பத்து மணிக்குக் குமாஸ்தாக்கள் கூட்டம் நெரியும். மூன்று மணிக்கு மேல் போங்கள்.

எதிர்த் தரப்புக்குக் கோர்ட் நோட்டீஸ் ஆகியிருக்கிறது. அடுத்த வாய்தாவுக்கு வேண்டிய கூடுதல் டைப் செட்டும் அங்கேதான் கொடுத்திருக்கிறேன், வியாழக்கிழமை வாங்கப் போகணும்.