ஒரு கன்சோலா, இரண்டு கன்சோலா? பந்தய ஆட்டத்தைச் சேர்ந்து ஓட்டும் வழிகள்: ஓர் ஒப்பீட்டு அலசல்

கன்சோலில் பந்தய ஆட்டத்தை இருவர் எதிரெதிராக அல்லாமல் ஒரே அணியாகச் சேர்ந்து ஓட்ட வேண்டுமென்றால் இன்று மூன்று வழிகள் உள்ளன. ஒரே கன்சோலில் இரண்டு கன்ட்ரோலர்களை இணைத்துத் திரையைப் பகிர்ந்துகொள்ளும் ஸ்பிளிட் ஸ்கிரீன் முதலாவது. ஒரே அறையில் உள்ள இரண்டு கன்சோல்களை வயர்லெஸ் அல்லது லேன் கம்பி வழியாக இணைப்பது இரண்டாவது. அவரவர் இடத்தில் இருந்தபடி இணையத்தில் சேர்ந்துகொள்ளும் ஆன்லைன் முறை மூன்றாவது. மூன்றையும் பயன்படுத்திய பிறகு நானும் என்னுடன் ஓட்டுபவரும் முதலாவது வழியிலேயே நிலைத்துவிட்டோம். இரண்டாவது கன்சோலுக்கும் சந்தாவுக்கும் செலவிடுவதற்குப் பதிலாக இன்னொரு கன்ட்ரோலர் வாங்கியதோடு எங்கள் ஏற்பாடு முடிந்தது. எனவே இந்த அலசல் ஸ்பிளிட் ஸ்கிரீன் பக்கம் சாய்ந்தே இருக்கும். அந்தச் சாய்வுக்கான காரணத்தையும் விரிவாகவே சொல்கிறேன்.

எல்லோருக்கும் தெரிந்தவற்றை முதலில் முடித்துவிடலாம். திரையைப் பிரித்தால் ஒவ்வொருவருக்கும் கிடைக்கும் படம் சிறியதாகும். ஒரே காட்சியை இரண்டு கோணங்களில் வரைய வேண்டியிருப்பதால் கன்சோலின் சுமையும் கூடும். நின்டெண்டோ ஸ்விட்ச் கன்சோலின் பந்தய ஆட்டமான மரியோ கார்ட் 8 டீலக்ஸில் இருவர் ஓட்டும்வரை நொடிக்கு 60 பிரேம்கள் கிடைக்கின்றன. மூன்றாமவர் சேர்ந்ததும் அது 30 ஆகக் குறைகிறது. ஆன்லைனில் அவரவருக்கு முழுத்திரை உண்டு, படத்தின் தரமும் குறையாது. படத்தின் அழகு மட்டுமே அளவுகோல் என்றால் ஆன்லைன்தான் சிறந்தது; அதில் வாதத்துக்கு இடமில்லை.

ஆனால் சேர்ந்து ஓட்டுவதற்குத் தேவைப்படுவது படத்தின் அழகு மட்டுமல்ல. மரியோ கார்ட் 8 டீலக்ஸின் அணிப் பந்தயத்தை எடுத்துக்கொள்வோம். பன்னிரண்டு ஓட்டுநர்கள் சிவப்பு, நீலம் என இரண்டு அணிகளாகப் பிரிகிறார்கள். முதலிடத்துக்கு 15 புள்ளிகள், இரண்டாமிடத்துக்கு 12, மூன்றாமிடத்துக்கு 10, நான்காமிடத்துக்கு 9 என்று குறைந்துகொண்டே போய் கடைசி இடத்துக்கு 1 புள்ளி கிடைக்கிறது. ஒருவர் முதலிடத்திலும் கூட்டாளி கடைசி இடத்திலும் முடித்தால் இருவரும் சேர்ந்து பெறுவது 16 புள்ளிகள். மூன்றாமிடத்திலும் நான்காமிடத்திலும் முடித்தால் 19. அதாவது ஒருவர் தனியாக முன்னே பறப்பதைவிட, பின்தங்கியவருக்குத் தொல்லை கொடுப்பவர்களைத் தடுத்து இருவரும் சேர்ந்து முன்னேறுவதே அணிக்கு லாபம். 2019-இல் வந்த டீம் சோனிக் ரேசிங் இதையே ஆட்டத்தின் அடிப்படையாக வைத்துக்கொண்டது: மூவர் கொண்ட நான்கு அணிகள், தனக்குத் தேவைப்படாத ஆயுதத்தைக் கூட்டாளிக்குக் கொடுத்துவிடலாம், முன்னே செல்பவர் விட்டுச்செல்லும் தடத்தில் ஓட்டிப் பின்னால் வருபவர் வேகம் பெறலாம், நிலைகுலைந்து நிற்பவரை உரசிச் சென்று மீண்டும் வேகமெடுக்க வைக்கலாம். இவை அனைத்துக்கும் கூட்டாளி இந்த நொடியில் எங்கே இருக்கிறார், கையில் என்ன வைத்திருக்கிறார் என்பது தெரிய வேண்டும். பிரிந்த திரையில் அது ஓரக்கண்ணால் பார்த்தாலே தெரிந்துவிடும். போட்டியாக ஓட்டும்போது எரிச்சலூட்டும் ‘எதிராளியின் திரையை எட்டிப் பார்ப்பது’ என்ற குறையே கூட்டு ஆட்டத்தில் ஒரு வசதியாகிவிடுகிறது.

ஆன்லைனில் அதே இடத்தைக் குரல் அரட்டை நிரப்ப வேண்டும். அது ஓரளவு நிரப்பவும் செய்கிறது. தாமதம்தான் வேறு விஷயம். மணிக்கு 200 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் கார் ஒரு நொடியில் ஏறத்தாழ 55 மீட்டர் கடக்கிறது. இணைப்பில் 100 மில்லிநொடித் தாமதம் இருந்தால் அந்த இடைவெளியில் கார் ஐந்தரை மீட்டர், அதாவது தன் நீளத்துக்கும் சற்று அதிகமாக நகர்ந்திருக்கும். உங்கள் கன்சோல் அந்த இடைவெளியை ஊகத்தால் நிரப்பி, கூட்டாளியின் கார் இருக்கக்கூடிய இடத்தில் அதை வரைந்து காட்டுகிறது. நேர்ப்பாதையில் இந்த ஊகம் பெரும்பாலும் சரியாக இருக்கும்; வளைவில் அவர் பிரேக் பிடிக்கும்போது தவறிவிடும். கூட்டாளியின் காருக்குப் பின்னால் ஒட்டி ஓட்டிக் காற்றுத்தடையைக் குறைத்துக்கொள்ள முயலும்போது இந்த வேறுபாடு நன்றாகவே உறைக்கும்.

இவை எல்லாவற்றையும்விட என் முடிவைத் தீர்மானித்தது பராமரிப்பு. கன்சோலைத் துடைத்து வைப்பதை நான் சொல்லவில்லை. சேர்ந்து ஓட்டும் ஏற்பாடு இன்று வேலை செய்ததுபோல் அடுத்த வாரமும், அடுத்த ஆண்டும் வேலை செய்ய என்னென்ன சரியாக இருக்க வேண்டும் என்பதைச் சொல்கிறேன். ஸ்பிளிட் ஸ்கிரீனில் அந்தப் பட்டியல் சிறியது: ஒரு கன்சோல், ஆட்டத்தின் ஒரு பிரதி, மின்னேற்றம் செய்யப்பட்ட இரண்டு கன்ட்ரோலர்கள். ஆன்லைனில் ஏறக்குறைய ஒவ்வொன்றும் இரண்டாகிறது. அந்த இரண்டும் ஒன்றுக்கொன்று ஒத்துப்போகவும் வேண்டும்.

சந்தாவிலிருந்து தொடங்கலாம். பிளேஸ்டேஷனில் பிளேஸ்டேஷன் பிளஸ், எக்ஸ்பாக்ஸில் கேம் பாஸ், ஸ்விட்சில் நின்டெண்டோ ஸ்விட்ச் ஆன்லைன் என, விலை கொடுத்து வாங்கிய ஆட்டத்தை நண்பருடன் ஆன்லைனில் ஓட்டவும் தனிச் சந்தா கட்ட வேண்டும். இலவச ஆட்டங்கள் சிலவற்றுக்கு விலக்கு உண்டு. ஒருவருடைய சந்தா முடிந்திருந்தாலும் அன்றைய ஆட்டம் நடக்காது. அடுத்தது அப்டேட். இரு பக்கமும் ஒரே பதிப்பு இருந்தால்தான் இணைய முடியும். ஒரு மாதமாக அணைந்து கிடந்த கன்சோலை இயக்கும் நண்பருக்கு முதலில் கன்சோலின் அப்டேட், அதன்பின் ஆட்டத்தின் அப்டேட் என்று வரிசையாக வரும். அவை பல ஜிகாபைட் அளவுள்ளவை என்றால், ஓட்டுவதற்கென்று ஒதுக்கிய மாலை தரவிறக்கப் பட்டையைப் பார்ப்பதிலேயே கழிந்துவிடும்.

அதையும் தாண்டினால் ரவுட்டர் இருக்கிறது. கன்சோலின் நெட்வொர்க் சோதனையில் ‘நாட் வகை’ என்று ஒரு வரி வரும்; பிளேஸ்டேஷனில் அது 1, 2, 3 என்றும் எக்ஸ்பாக்ஸில் ஓப்பன், மாடரேட், ஸ்ட்ரிக்ட் என்றும் காட்டப்படும். வெளியிலிருந்து வரும் இணைப்பை உங்கள் ரவுட்டர் எவ்வளவு தாராளமாக உள்ளே விடுகிறது என்பதன் அளவு அது. கன்சோல்கள் ஒன்றோடொன்று நேரடியாகப் பேசிக்கொள்ளும் ஆட்டங்களில், இரு பக்கமும் கண்டிப்பான வகையாக இருந்தால் குரல் கேட்காமல் போகலாம், அழைப்பு போய்ச் சேராமல் போகலாம், லாபியில், அதாவது பந்தயத்துக்கு முன் ஆட்டக்காரர்கள் கூடும் இடத்தில், இணைந்த அடுத்த கணமே வெளியே தள்ளப்படலாம். ரவுட்டரில் யுபிஎன்பி வசதியை, அதாவது கன்சோலுக்குத் தேவையான வழியைத் தானாகவே திறந்துவிடும் அமைப்பை, இயக்கினால் பெரும்பாலும் சரியாகிவிடும். ஆனால் பல வாடிக்கையாளர்களை ஒரே பொது முகவரிக்குப் பின்னால் வைத்திருக்கும் இணையச் சேவையாக இருந்தால், உங்கள் ரவுட்டரில் எதை மாற்றினாலும் பயன் இருக்காது. தனி முகவரி வேண்டுமென்று சேவை நிறுவனத்திடம் கேட்டுப் பெற வேண்டும். எங்கள் இருவரில் ஒருவருக்கு இந்த நிலைதான். பந்தயத்தில் பழக வேண்டிய நேரத்தில் ரவுட்டர் அமைப்புகளில் நாங்கள் அடைந்த தேர்ச்சி, ஒரு சிறு கடையே திறக்கும் அளவுக்கு இருந்தது.

பராமரிப்பின் கடைசிப் பகுதி நம் கையிலேயே இல்லை: சர்வர். 2014-இல் வெளியான தி க்ரூ, தனியாக ஓட்டவும் இணையம் தேவைப்பட்ட ஆட்டம். 2024 மார்ச் 31-இல் அதன் சர்வர்கள் நிறுத்தப்பட்டதும், வட்டு கையில் இருந்தவர்களாலும் அதை ஓட்ட முடியாமல் போனது. அதே ஆண்டு ஏப்ரலில் வீ யூ கன்சோலுக்கான ஆன்லைன் சேவையை நின்டெண்டோ முடித்துக்கொண்டது. ஆனால் அந்தக் கன்சோலின் மரியோ கார்ட் 8-ஐ ஸ்பிளிட் ஸ்கிரீனில் இன்றும் ஓட்டலாம். இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், நான் பராமரிப்பு என்று இவ்வளவு நேரம் சொல்லிக்கொண்டிருப்பது எதை என்பது புரியும். ஸ்பிளிட் ஸ்கிரீன் இருந்தாலே போதும் என்றும் சொல்லிவிட முடியாது. கிரான் டூரிஸ்மோ 7-இல் அந்த வசதி உண்டு. 2023 நவம்பரில் வந்த அப்டேட்டுக்குப் பிறகு பிளேஸ்டேஷன் 5-இல் நால்வர் வரை திரையைப் பகிர்ந்துகொள்ளலாம். ஆனாலும் அந்த ஆட்டத்தின் பெரும்பகுதி இணைய இணைப்பைச் சார்ந்தது. 2022 மார்ச்சில் ஒரு பராமரிப்புப் பணி ஒரு நாளுக்கும் மேலாக நீண்டபோது தனியாக ஓட்டுபவர்களும் காத்திருக்க வேண்டியிருந்தது.

ஸ்பிளிட் ஸ்கிரீனை அமைப்பது எளிது. ஆனாலும் சில இடங்களில் கவனம் தேவை. பிளேஸ்டேஷனிலும் எக்ஸ்பாக்ஸிலும் இரண்டாவது கன்ட்ரோலரை இயக்கியதும் அது யாருடையது என்று கேட்கும். விருந்தினராக நுழையவும் வழி உண்டு, எனினும் இரண்டாமவருக்கு ஒரு கணக்கை உருவாக்கி வைத்தால் அவருடைய கன்ட்ரோலர் விருப்பங்கள் அதில் தங்கும். திரையை மேல்-கீழாகப் பிரிக்கவும் பக்கவாட்டில் பிரிக்கவும் ஆட்டம் தேர்வு கொடுத்தால் மேல்-கீழையே பரிந்துரைப்பேன். பந்தயத்தில் அகலமான பார்வைதான் வளைவை முன்கூட்டியே காட்டும். தொலைக்காட்சியில் கேம் மோடை இயக்கிவிடுங்கள், இல்லையென்றால் படத்தை மெருகேற்றும் வேலைகள் கன்ட்ரோலருக்கும் திரைக்கும் இடையே தாமதத்தைக் கூட்டும். இருவருடைய திறமையும் ஒத்திருக்காதபோது உதவி வசதிகளை ஆளுக்கு ஆள் மாற்றுவது அவசியம். மரியோ கார்ட் 8 டீலக்ஸில் வண்டியைத் தேர்ந்தெடுக்கும் திரையில் பிளஸ் பொத்தானை அழுத்தினால், ஸ்மார்ட் ஸ்டீயரிங்கையும் தானியங்கி முடுக்கத்தையும் ஒருவருக்கு மட்டும் இயக்க முடியும். புதியவர் பாதையை விட்டு விழாமல் ஓட்டுவார், பழகியவருக்கு எந்த இடையூறும் இருக்காது.

இரண்டு கன்சோல்களை ஒரே அறையில் இணைக்கும் வழியைச் சுருக்கமாகச் சொன்னால் போதும். முழுத்திரை, தாமதமின்மை என இரு பக்க நன்மைகளும் இதில் சேர்ந்து கிடைக்கின்றன. ஆனால் கன்சோல், ஆட்டத்தின் பிரதி ஆகிய செலவுகளும் இரட்டிப்பாகின்றன. மரியோ கார்ட் 8 டீலக்ஸ் வயர்லெஸ் வழியாக எட்டுப் பேரையும் லேன் வழியாகப் பன்னிரண்டு பேரையும் அனுமதிக்கிறது. லேன் வசதி மெனுவில் நேரடியாகத் தெரியாது. முதன்மை மெனுவில் எல், ஆர் பொத்தான்களைப் பிடித்துக்கொண்டு இடது ஸ்டிக்கை அழுத்தினால்தான் வெளிப்படும். இரண்டு கன்சோல்கள் ஏற்கெனவே உள்ள வீடுகளுக்கு இது நல்ல வழி. கூட்டு ஆட்டத்துக்காகவே இரண்டாவது கன்சோல் வாங்கச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. பிளேஸ்டேஷனின் ஷேர் பிளே இவற்றுக்கு இடைப்பட்ட வழி. தொலைவில் உள்ள நண்பரை இரண்டாம் ஆட்டக்காரராக உங்கள் கன்சோலுக்குள்ளேயே அழைக்கலாம், அவரிடம் ஆட்டம் இருக்க வேண்டியதில்லை. ஆனால் ஒரு அமர்வு ஒரு மணி நேரத்தோடு முடிந்துவிடும். அவருக்குப் போவது காணொளி என்பதால் பந்தயத்துக்கு அது சற்றுத் தளர்வாகவே பட்டது. நான் கொஞ்ச காலமே பயன்படுத்தினேன். எனவே இந்தக் கருத்தை அந்த அளவுக்கே எடுத்துக்கொள்ளுங்கள்.

ஆன்லைனுக்கு உரிய இடத்தைக் கொடுக்காமல் விட்டால் அது நேர்மையாகாது. கூட்டாளி வேறு ஊரில் இருந்தால் இந்த ஒப்பீட்டுக்கே வேலை இல்லை. சில ஆட்டங்களில் கூட்டு முறை ஆன்லைனில் மட்டுமே உண்டு: ஃபோர்ஸா ஹொரைசன் 5-இல் கான்வாய் எனப்படும் குழு அமைத்து நண்பர்களை அழைத்துக்கொண்டு திறந்தவெளியில் சேர்ந்து சுற்றலாம், திரையைப் பிரிக்க வழியில்லை, 2021-இல் எஃப்1 ஆட்டத்தில் அறிமுகமான, இருவர் ஒரே அணியில் பருவம் முழுவதும் ஓட்டும் கரியர் முறையும் ஆன்லைன் வழியானதே. முக்கியமான இன்னொரு காரணம், சேமிப்பு. ஸ்பிளிட் ஸ்கிரீனில் சம்பாதித்த வண்டிகளும் திறந்த தடங்களும் பெரும்பாலும் முதல் கன்ட்ரோலரை வைத்திருப்பவரின் கணக்கிலேயே சேர்கின்றன; இரண்டாமவர் எத்தனை மாலைகள் ஓட்டினாலும் தன் வீட்டுக்குக் கொண்டுபோக அவருக்கு ஒன்றும் இருக்காது. ஆன்லைனில் அவரவர் உழைப்பு அவரவர் கணக்கில் ஏறுகிறது. ஒரே கூரையின் கீழ் இருப்பவர்களுக்கு இது பொருட்டே அல்ல. வாரம் ஒருமுறை வந்துபோகும் நண்பருக்கு இது உறுத்தக்கூடும்.

ஸ்பிளிட் ஸ்கிரீன் என்று முடிவு செய்துவிட்டால், வாங்குமுன் கடைப் பக்கத்தில் ‘மல்டிபிளேயர்’ என்ற ஒற்றைச் சொல்லோடு திருப்தி அடைந்துவிடாதீர்கள். நின்டெண்டோ, ஒரே கன்சோலில் எத்தனை பேர், வயர்லெஸில் எத்தனை பேர், ஆன்லைனில் எத்தனை பேர் என்று தனித்தனியாகக் குறிப்பிடுகிறது. பிளேஸ்டேஷன் கடையில் ஆட்டக்காரர் எண்ணிக்கையும் ஆன்லைன் ஆட்டக்காரர் எண்ணிக்கையும் வெவ்வேறு வரிகளில் இருக்கும். அதன் பிறகு, திரையைப் பிரித்தால் எந்தப் பகுதி திறந்திருக்கும் என்று பாருங்கள்: 2020-இல் வந்த டர்ட் 5, கரியர் முறையிலேயே நால்வர் வரை சேர்ந்து ஓட்ட விடுகிறது, வேறு பல ஆட்டங்களில் இரண்டாமவருக்குக் கிடைப்பது ஒற்றைப் பந்தயம் மட்டுமே.