பெயர்கள் ஓடும்போது சுருங்கும் திரை

"கட்டணத்தைக் குறைத்துவிட்டார்களாம், எடுக்கலாமா அக்கா?" என்று கோலாலம்பூர் பிரிக்ஃபீல்ட்ஸ் தோழி கேட்டாள். அவள் கேட்ட, இணையம் வழியே படம் பார்க்கும் திரைச் சேவை மூன்று ஆண்டுகளாகச் செந்தூலில் என் வீட்டில் இருக்கிறது. படத்தின் தெளிவு, ஒலி எல்லாம் ஊரறிந்தவை. நான் அதில் விரும்பிப் பார்ப்பது சினிமாவுக்கும் இசைக்கும் பின்னால் உழைப்பவர்களைக் காட்டும் ஆவணப்படங்களைத்தான்.

அந்த வகையில் அள்ளித் தந்திருக்கிறது. பின்னணியில் நின்று பாடியவர்களைப் பற்றிய '20 ஃபீட் ஃப்ரம் ஸ்டார்டம்' (2013) படத்தை ஐந்து முறை பார்த்துவிட்டேன். கர்ப்பிணியாக இருந்த மெர்ரி கிளேட்டனை நள்ளிரவில் அழைத்துப்போய் ரோலிங் ஸ்டோன்ஸ் இசைக்குழுவின் பாட்டுக்குப் பாடவைத்த கதை அதில் வருகிறது. வாத்தியங்களை எல்லாம் விலக்கிவிட்டு அவர் குரலை மட்டும் ஒலிக்கவிடுவார்கள். ஐந்து முறையும் எனக்குக் கண் நிறைந்தது.

'அபோகலிப்ஸ் நவ்' படம் எடுத்த கதையைச் சொல்லும் 'ஹார்ட்ஸ் ஆஃப் டார்க்னஸ்' (1991) படத்தில், 1976ஆம் ஆண்டுப் புயல் பிலிப்பைன்ஸில் போட்டிருந்த செட்டுகளை நாசமாக்குகிறது. இயக்குநரின் தவிப்பைவிட, அவற்றைத் திரும்பக் கட்டியவர்களைப் பற்றித்தான் நான் யோசித்தேன். என் அப்பா தச்சர். உலு கிளாங் மெர்டேக்கா ஸ்டூடியோவில் செட் போட்டவர். 1964இல் மலாய் நடிகரும் இயக்குநருமான பி. ரம்லி சிங்கப்பூரிலிருந்து அங்கே வந்த பிறகு எடுத்த படங்களில் அப்பா எழுப்பிய சுவர்கள் உண்டு. அவர் பெயரை நான் எந்தப் படத்திலும் கண்டதில்லை.

அதனால்தான் இந்த ஒரு குறையை என்னால் பொறுக்க முடியவில்லை. படம் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் திரை சுருங்கி மூலைக்குப் போய்விடுகிறது. சில நொடிகளில் சம்பந்தமே இல்லாத சமையல் போட்டி தொடங்குகிறது! அமைப்புகளில் போய் அதை நிறுத்திவைத்தேன். செயலியைப் புதுப்பித்ததும் பழையபடி ஆகிவிட்டது. இரண்டு முறை எழுதிக் கேட்டதற்கு நன்றி சொல்லிப் பதில் வந்தது, அவ்வளவுதான். முகம் தெரியாத உழைப்பாளிகளைப் பற்றி ஒன்றரை மணி நேரம் காட்டிவிட்டு, படத்துக்காக உழைத்தவர்களின் பெயர்களை மட்டும் நகக்கண் அளவுக்குச் சுருக்குவது என்ன நியாயம்?

இந்தச் சேவை இல்லாவிட்டால் இந்தப் படங்களில் பாதியைக்கூட நான் பார்த்திருக்க மாட்டேன். அதை மறுக்கவில்லை. ஆனாலும் தோழியிடம் எடுக்காதே என்றுதான் சொன்னேன். மெர்ரி கிளேட்டனின் குரலைக் கேட்க வேண்டுமென்றால் ஞாயிற்றுக்கிழமை செந்தூலுக்கு வரட்டும். ரிமோட்டை நான் பிடித்துக்கொள்கிறேன்; கடைசிப் பெயர் வரை பார்க்கலாம்.