விஷியில் வேட நடை: உடை சொல்லும் காலமும் சொல்லாத காலமும்

பாரீஸ் துணிக் கண்காட்சிக்குத் திருப்பூர், கரூர், ஈரோட்டிலிருந்து போகிறவர்கள், கண்காட்சி முடிந்த மறுநாளை ஈஃபிள் கோபுரத்துக்குக் கொடுத்துவிடுவது வழக்கம். இரண்டாவது தடவை போகிறவர்களுக்கு அதைவிட நல்ல நாள் ஒன்று இருக்கிறது. தெற்கே மூன்று மணி நேர ரயில் பயணத்தில் அல்லியே ஆற்றங்கரையில் இருக்கும் விஷி, வெந்நீர் ஊற்றுகளை வைத்தே வளர்ந்த ஊர். ஏழு நாடுகளிலுள்ள 11 ஊற்று நகரங்களை 2021இல் யுனெஸ்கோ ஒரே தொகுப்பாக உலக மரபுப் பட்டியலில் சேர்த்தது. அதில் பிரான்சிலிருந்து இடம்பெற்ற ஒரே ஊர் இதுதான். 1850, 60களில் பிரான்சை ஆண்ட பேரரசர் மூன்றாம் நெப்போலியன் காலத்து உடையில் வழிகாட்டிகள் ஊரைச் சுற்றிக் காட்டும் நடை ஒன்று அங்கே நடக்கிறது. துணித் தொழிலில் இருப்பவர்கள் கட்டாயம் போகலாம். ஆனால் இந்த ஒரு நடையிலேயே விஷி முழுவதையும் பார்த்துவிடலாம் என்று எண்ணிப் போகாதீர்கள்.

முதலில் ரயில். விஷி ரயில் பாரீஸின் பெர்சி நிலையத்திலிருந்து கிளம்புகிறது. பக்கத்திலேயே லியோன் நிலையம் என்று பெரிய நிலையம் இருப்பதால் பலர் அங்கே போய் நின்றுவிடுகிறார்கள். இரண்டுக்கும் இடையே பத்துப் பதினைந்து நிமிட நடை. பெட்டியோடு ஓடினால் இன்னும் ஆகும். மெட்ரோவில் 6 அல்லது 14ஆம் வழித்தடத்தைப் பிடித்து பெர்சியிலேயே இறங்குங்கள். கிளெர்மோன் ஃபெரான் போகும் இந்த ரயிலில் இருக்கை முன்பதிவு கட்டாயம். விஷியில் இறங்கியதும் டாக்சி தேவையில்லை. நிலையத்துக்கு எதிரே தொடங்கும் பாரீஸ் சாலையில் கால் மணி நேரம் நடந்தால் ஊர் நடுவிலுள்ள ஊற்றுப் பூங்கா வந்துவிடும்.

நடை சுமார் ஒன்றரை மணி நேரம், இரண்டு கிலோமீட்டருக்கு உட்பட்ட தூரம். பெரும்பாலும் சமதரை என்பதால் முட்டிவலி உள்ள பெரியவர்களும் வரலாம். ஆனால் உட்கார்ந்து கேட்கும் இடங்கள் குறைவு. பூங்காவின் வடகோடியில் ஊற்று மண்டபம், தென்கோடியில் கசினோவும் (கேளிக்கைக் கூடம்) ஓபெராவும் (இசை நாடக அரங்கு). இரண்டையும் இணைத்துப் பூங்காவைச் சுற்றி ஏறக்குறைய 700 மீட்டருக்கு இரும்புக் கூரை நடைபாதை ஓடுகிறது. 1889 பாரீஸ் உலகக் கண்காட்சியில் நின்ற கூரையைப் பிரித்துக் கொண்டுவந்து இங்கே மாட்டியிருக்கிறார்கள். மழை வந்தாலும் நடை நிற்காமல் போவது இதனால்தான். பிறகு ஆற்றங்கரைப் பூங்காவை ஒட்டி, பேரரசருக்காகக் கட்டிய மர வேலைப்பாட்டு வீடுகள். கடைசியில் புனித லூயி தேவாலயம்.

இப்போது உடை. நம் பக்கத்து ஆட்கள் முன்வரிசையில் நிற்க வேண்டியது இதற்காகத்தான். 1860களின் அகலப் பாவாடைக்குள்ளே இருப்பது கிரினோலின் என்ற கூடு. எஃகு வளையங்களை மேலிருந்து கீழாகத் தொங்கும் நாடாக்களில் கோத்திருப்பார்கள். 1856இல் இது சந்தைக்கு வரும்வரை, அந்த அகலம் வேண்டுமென்றால் கஞ்சி போட்ட உள்பாவாடைகளை ஐந்தாறு அடுக்காக உடுத்த வேண்டியிருந்தது. கூடு வந்ததும் எடை குறைந்தது, அகலம் ஏறியது. அதன் உச்ச காலத்தில் ஒரு முழுச் சேலையின் நீளமே பாவாடையின் அடிச்சுற்றுக்குத்தான் சரியாகப் போகும். வழிகாட்டி பெஞ்சில் உட்காரும்போது பாருங்கள். பின்பக்கத்து வளையங்களைக் கையால் லேசாகத் தூக்கிவிட்டு உட்காருவார். நாடாவில் தொங்குவதால் வளையங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக மடிந்து படியும். எழுந்ததும் தானாக இறங்கிக்கொள்ளும். நாடா விலகியிருந்தாலோ வளையத்தின் முனைப்பூட்டு கழன்றிருந்தாலோ ஒரு பக்கம் மட்டும் தூக்கிக்கொண்டு நிற்கும். நடக்கும்போது மணிபோல் ஆடாமல் வெட்டி வெட்டி ஆடும்.

உடை எந்த அளவுக்கு உண்மையானது என்பதைச் சில இடங்களில் கண்டுபிடித்துவிடலாம். முதுகில் ஜிப் இருந்தால் நாடக உடை. அந்தக் காலத்துப் பகல்நேர மேல்சட்டைக்குப் பெரும்பாலும் முன்பக்கத்தில் ஹூக் அல்லது பித்தான் வரும். பாவாடையும் மேல்சட்டையும் பெரும்பாலும் தனித்தனிப் பீஸ். உள்தையலில் ஓவர்லாக் (துணியோரம் பிரியாமல் மெஷினில் சுற்றிப் போடும் தையல்) தெரிந்தால் நம் காலத்துத் தையல். நேர்த்தையல் மெஷினில் போட்டது போலிருந்தால் அதைக் குறை சொல்ல முடியாது, 1860களில் தையல் மெஷின் வந்துவிட்டது. கண்ணைப் பறிக்கும் ஊதா நிறத்தைப் பார்த்துப் போலி என்று நினைக்க வேண்டாம். செயற்கைச் சாயத்தில் முதல் ஊதா 1856இலேயே வந்து, அடுத்த சில ஆண்டுகளில் ஐரோப்பா முழுக்கப் பரவியது. பாவாடையின் வடிவமும் ஆண்டைச் சொல்லும்: எல்லாப் பக்கமும் வட்டமாக இருந்தால் 1860ஐ ஒட்டியது; முன்பக்கம் தட்டையாகிப் பின்பக்கம் நீண்டிருந்தால் அந்தப் பத்தாண்டின் நடுப்பகுதி. பேரரசர் விஷிக்கு வந்தது 1861 முதல் 1864 வரையும் பிறகு 1866இலும். ஆக, இரண்டு வடிவமும் இங்கே பொருந்தும். இதையெல்லாம் கேட்டால் வழிகாட்டிகள் உற்சாகமாகப் பதில் சொல்கிறார்கள், கேட்காவிட்டால் அரண்மனைக் கிசுகிசுவோடு நிறுத்திவிடுகிறார்கள். துணி வாங்கும் பிரெஞ்சு பையர்கள் ‘விஷி’ என்று ஆர்டர் போடும் சிறுகட்டத் துணியைப் பற்றியும் நீங்களாகத்தான் பேச்செடுக்க வேண்டும்.

குறை என்று பார்த்தால், உடுத்தியிருப்பது 1860களின் உடை, கண்முன் நிற்கும் ஊரோ பெரும்பாலும் 1900ஐ ஒட்டியது. ஊற்று மண்டபம், மூரிஷ் பாணிக் குவிமாடம் கொண்ட பெரிய குளியல் கூடம், ஓபெரா மூன்றும் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுந்தவை. மூன்றாம் நெப்போலியன் 1873இலேயே இறந்துவிட்டார். அவர் காலத்துக்கு உண்மையாகச் சேர்வது ஆற்றங்கரை வீடுகள், 1862இல் வந்த ரயில் பாதை, 1865இல் திறந்த கசினோ, புனித லூயி தேவாலயம், ஆற்றோரப் பூங்கா. பேரரசர் காலத்து உடையில் ஒருவர் நின்று ஓபெராவைக் கைகாட்டும்போது, அதையும் அவரே கட்டியதாகக் கேட்பவர் மனதில் பதிந்துவிடுகிறது. ஒவ்வொரு கட்டடத்தின் முன்னாலும் ஆண்டைச் சொல்லிவிட்டால் இந்தக் குழப்பம் வராது.

இதைவிடப் பெரிய விடுபடல் ஒன்று உண்டு. 1940 ஜூலை முதல் 1944 ஆகஸ்ட் வரை, இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனியோடு ஒத்துழைத்த, மார்ஷல் பெத்தேன் தலைமையிலான பிரெஞ்சு அரசு இருந்தது இந்த ஊரில்தான். பெத்தேனுக்கு முழு அதிகாரம் கொடுக்க 1940 ஜூலை 10 அன்று வாக்கெடுப்பு நடந்தது இதே ஓபெரா அரங்கில். ஆதரவு 569, எதிர்ப்பு 80. கிரினோலின் கட்டிக்கொண்டு இதைச் சொல்வது கடினம், அதனால் ஒரு வாக்கியத்தில் கடந்துவிடுகிறார்கள். அந்த நான்காண்டுகளுக்கென்றே தனி நடை உண்டு, உடை வேடம் இல்லாமல். காலையில் ஒன்று, மாலையில் ஒன்று என்று இரண்டையும் சேர்த்துப் பதிவு செய்தால்தான் ஊர் முழுசாகப் பிடிபடும். ஆசியாவிலும் ஆப்பிரிக்காவிலும் வேலை பார்த்த பிரெஞ்சு அதிகாரிகள் ஈரல் கெட்டும் மலேரியா வந்தும் விடுப்பில் இங்கே வந்து தண்ணீர் குடித்துப் போனார்கள். அந்தக் கதையும் வேட நடையில் வருவதில்லை. புதுச்சேரியைப் பக்கத்தில் வைத்திருக்கும் நமக்கு அது முக்கியமான கதை.

தண்ணீர் விஷயத்தில் மட்டும் கவனம். குழுவோடு போகும்போது ஆளாளுக்கு ஒரு டம்ளர் என்று ஆசை வரும். சூடான ஊற்றுகள், சுமார் 40 டிகிரியில் வருபவை, மருத்துவர் அளவு சொல்லிக் குடிக்க வேண்டியவை. அந்தக் காலத்து நோயாளிகள் அளவுக்கோடு போட்ட கண்ணாடி டம்ளரைச் சிறு பிரம்புக் கூடையில் வைத்துக் கையோடு தூக்கிக்கொண்டு திரிந்தது அதற்காகத்தான். எல்லோரும் குடிக்கக்கூடியது குளிர்ந்த செலெஸ்தேன் ஊற்று. ஆற்றோரமாகத் தெற்கே அதற்கென்று தனி மண்டபம் உண்டு, காலி பாட்டில் கொண்டுபோனால் பிடித்துக்கொள்ளலாம். சிறுவாணித் தண்ணீரில் வளர்ந்த நாக்குக்கு முதல் மடக்கு பிடிக்காது. லிட்டருக்கு ஏறக்குறைய 3 கிராம் பைகார்பனேட் இருப்பதால் ஆப்பசோடாச் சுவை தூக்கலாக இருக்கும். சோடியம் லிட்டருக்கு 1172 மில்லிகிராம். சமையல் உப்புக் கணக்கில் அது 3 கிராம் பக்கம் வருகிறது, நாளைக்கு 5 கிராமுக்குள் உப்பு என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் வரம்பு. ரத்த அழுத்தமோ சிறுநீரகக் கோளாறோ உள்ளவர்கள் ருசி பார்ப்பதோடு நிறுத்திக்கொள்வது நல்லது. எண்கோண வடிவ விஷி மிட்டாய் 1825இலிருந்து வரும் பழைய சரக்கு, ஊருக்கு வாங்கி வர ஏற்றது. ஆனால் அதில் பெரும்பகுதி சர்க்கரை என்பதைச் சர்க்கரை நோய் உள்ள பெரியவர்களுக்குச் சொல்லிவிட்டே கொடுங்கள்.

பதிவு செய்யும்போது மூன்று கேள்வி கேளுங்கள். எந்த மொழி? பொதுக்குழு நடை பெரும்பாலும் பிரெஞ்சில்தான். நான்கைந்து பேர் சேர்ந்து ஆங்கிலத்தில் தனி நடை கேட்பது நல்லது. பூங்காவில் சீரமைப்பு வேலை நடக்கிறதா? நடந்தால் வழி மாறும், கட்டணம் மாறாது. ஓபெராவுக்குள் போக முடியுமா? இந்த நடையில் வெளியிலிருந்துதான், உள்ளே பார்க்கத் தனியாகப் பதிவு வேண்டும். குழு இருபது பேரைத் தாண்டினால் ஆற்றோரக் காற்றில் பின்வரிசைக்குக் குரல் எட்டாது. அங்கே மட்டுமாவது வழிகாட்டிக்குப் பக்கத்தில் போய் நின்றுகொள்ளுங்கள், பாவாடையின் அடியை மிதிக்காத அளவு இடம் விட்டு. வசந்த காலத்தில் மூன்றாம் நெப்போலியன் விழா நடக்கும் நாட்களில் தெருவெல்லாம் இதே உடையில் ஆட்கள் இருப்பார்கள். உடை பார்க்க அதைவிட நல்ல நேரம் கிடையாது, ஆனால் நிதானமாகக் கேள்வி கேட்க முடியாது.

சைவம் சாப்பிடுகிறவர்களுக்கு இந்தப் பகுதியின் உருளைக்கிழங்குப் பை வயிற்றை நிறைக்கும். மேல்மாவில் முட்டை தடவியிருக்கும், சில கடைகளில் பன்றி இறைச்சித் துண்டும் சேர்ப்பார்கள் என்பதால் இரண்டையும் கேட்டுவிட்டு வாங்குங்கள். அன்றைக்கே பாரீஸ் திரும்புவதாக இருந்தால், மாலை நடையை எடுப்பதற்கு முன் கடைசி ரயிலின் நேரத்தைப் பார்த்துவிடுங்கள். தேவாலயத்தில் நடை முடிவதாக இருந்தால் அங்கிருந்து நேராக நிலையத்துக்கு நடந்துவிடலாம், பூங்காவுக்குத் திரும்ப வேண்டியதில்லை.