பச்சை அட்டை கேரல் புத்தகம்: சின்ன கொயருக்கு ஒத்து வருமா?

'கேரல்ஸ் ஃபார் கொயர்ஸ்' முதல் புத்தகம், கொயருக்கான கிறிஸ்துமஸ் பாட்டுத் தொகுப்பு, ஆக்ஸ்ஃபோர்டு வெளியீடு. காரைக்குடி பக்கம் ஒரு சின்ன சிஎஸ்ஐ சபையில பதினாலு பேர் பாடுற கொயரை நான் பார்த்துக்கிறேன், ரெண்டு கிறிஸ்துமஸ் இதை வச்சே பாடியாச்சு. தாராளமா வாங்கலாம்.

1961-ல ரெஜினால்ட் ஜாக்ஸும் டேவிட் வில்காக்ஸும் சேர்ந்து போட்டது, மொத்தம் 50 கேரல். வில்காக்ஸ் யாருன்னு தெரிஞ்சாத்தான் இதோட அருமை புரியும். சின்னப் பையன்லயே வெஸ்ட்மின்ஸ்டர் அபேல பாடினவர், யுத்தத்துக்குப் போய் 1944-ல நார்மண்டில சண்டை போட்டதுக்கு மிலிட்டரி க்ராஸ்ங்கிற வீரப் பதக்கம் வாங்கினவர், திரும்பி வந்து சாலிஸ்பரி, வூஸ்டர் கதீட்ரல்கள்ல ஆர்கன் வாசிச்சுட்டு 1957-லேர்ந்து 1974 வரைக்கும் கேம்பிரிட்ஜ் கிங்ஸ் காலேஜ் கொயரை நடத்தினார். ஆனா எனக்கு அதைவிடப் பெருசாப் படுறது அவர் லண்டன்ல பாக் கொயரை நடத்தினதுதான். 1960-லேர்ந்து 1998 வரைக்கும், 38 வருஷம்! அங்க பாடுறவங்க சம்பளத்துக்குப் பாடுறவங்க இல்ல, நம்மள மாதிரி வேலை முடிச்சு பிராக்டிஸுக்கு வர்றவங்க. அப்படிப்பட்டவங்களுக்கு எது வரும் எது வராதுன்னு தெரிஞ்ச கை எழுதினது இது.

'பக்தரே வாரும்' நமக்குத் தெரியாததா? அதே ராகத்துக்கு அவர் எழுதின டெஸ்கன்ட் இதுல இருக்கு, சபை மெட்டைப் பாடிக்கிட்டே இருக்க சோப்ரானோ, அதான் உச்சக் குரல்காரங்க, மட்டும் அதுக்கு மேல வேற மெட்டுல பறக்கும். கடைசிச் சரணத்துல இன்னும் அழகு, எல்லாரும் ஒரே குரல்ல பாடணும், குரலுக்கு ஒரு மெட்டுன்னு பிரிக்கிற பார்ட்ஸே கிடையாது, மெட்டு ஒரு சுரம்கூட மாறாது, ஆனா அடியில ஆர்கன் கார்டு, அதாவது சேர்ந்து ஒலிக்கிற சுரக்கூட்டு, எல்லாம் மாறிடும், இங்கிலீஷ்ல 'வேர்ட் ஆஃப் த ஃபாதர்'னு வர்ற இடத்துல ஒரு கார்டு விழும் பாருங்க, தரையே நகர்ந்த மாதிரி இருக்கும்.

போன வருஷம் பிராக்டிஸுக்கு இடமில்லாம நண்பர் ஒருத்தரோட பழைய செட்டிநாட்டு வீட்டு வளவுல, அதான் உள்முற்றத்துல, நின்னு பாடினோம். சுத்தி தூணு, முட்டைச் சுண்ணாம்பு பூசி வழவழன்னு இருக்கிற சுவரு, கீழ ஆத்தங்குடி கல்லு. கீபோர்டுல அந்த கார்டை வாசிச்சு கையை எடுத்த பிறகும் சத்தம் கொஞ்ச நேரம் சுத்திக்கிட்டே இருந்துச்சு. உள்ள காய் நறுக்கிக்கிட்டிருந்த ஆச்சி அருவாமனையை விட்டு எந்திரிச்சு வந்து தூணைப் பிடிச்சுக்கிட்டு நின்னாங்க, "அந்தக் கடைசிய இன்னொருக்கா பாடுங்கப்பா"ன்னாங்க.

கஷ்டமும் இருக்கு. என் காப்பில அஞ்சு கோட்டுல எழுதுற ஸ்டாஃப் நோட்டேஷன் மட்டும்தான், டோ-ரே-மின்னு எழுத்துல இருக்கிற சோல்ஃபா பார்த்தே பழகின நம்ம டெனர், பாஸ் ஆம்பளைக் குரல் ஆளுங்களுக்கு நானே ராத்திரி உக்காந்து எழுதிக் கொடுத்தேன். தமிழ் வார்த்தையை டெஸ்கன்ட்ல உக்கார வைக்கிறது தனி வேலை, உச்சத்துல 'ஆ' வந்தா குரல் திறக்குது, 'இ' வந்தா கீச்சுன்னு போகுது, அதுக்காகவே சில இடத்துல அசையைத் தள்ளிப் போட்டோம். ஆன்லைன்ல பழைய காப்பி வாங்கினதுல தாளு தனித்தனியா வந்துச்சு, வித்தவர் பதிலே சொல்லல, பைண்டிங் கடைல கொடுத்துத் தச்சு வாங்கினேன். புதுசாவே வாங்கிடுங்க.

ஒண்ணு வாங்கி எல்லாருக்கும் ஜெராக்ஸ் போடாதீங்க, பார்ட்டுக்கு ஒண்ணுன்னு குறைஞ்சது நாலு காப்பி வாங்குங்க. டெஸ்கன்டை அக்டோபர்லயே ஆரம்பிச்சுடுங்க, டிசம்பர்ல வீடு வீடாப் போய்ப் பாடுற கேரல் ரவுண்ட்ஸ் தொடங்கிட்டா தொண்டை கட்டிக்கும், மேல் சுரம் ஏறவே ஏறாது.