பித்தளைத் தாயக்கட்டை: கட்டை பிரமாதம், துணி சுமார், அறிவுரை இலவசம்

பிள்ளைகளுக்கு அறிவுரை சொல்ல வசதியாக ஏதாவது சாமான் கிடைக்குமா என்று தேடிக்கொண்டிருக்கும் அப்பாக்களுக்காக இதை எழுதுகிறேன். மதுரையில் மீனாட்சியம்மன் கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் பாத்திரக் கடைகளில் கிடைக்கிற ஒரு ஜோடி பித்தளைத் தாயக்கட்டை போதும். நான் வாங்கியது செட்டாக: இரண்டு கட்டை, கட்டம் அச்சடித்த துணி, நாலு நிறத்தில் பிளாஸ்டிக் காய்கள், எல்லாவற்றையும் போட்டுவைக்க ஒரு சுருக்குப்பை, மொத்தம் 450 ரூபாய். வீட்டில் ஆடுவது நான், ஒன்றாம் வகுப்புப் படிக்கிற என் மகள், என் மனைவி, அப்புறம் என் அம்மா, அதாவது பாப்பாவுக்கு அப்பத்தா. நாலு பேர், நாலு விதமான நேர்மை.

முதலில் கட்டையைச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் காசு கொடுத்ததற்கு மதிப்பு அதில்தான் இருக்கிறது. உள்ளே கூடு இல்லாத கெட்டிப் பித்தளை, விரல் நீளம், நாலு பக்கம். மூன்று பக்கங்களில் ஒன்று, இரண்டு, மூன்று என்று குழிகள், நாலாவது பக்கம் வெறுமை. இரண்டையும் உள்ளங்கைகளுக்கு நடுவே வைத்துத் தேய்க்கும்போது வருகிற அந்தச் சத்தத்துக்காகவே வாங்கலாம். மரக்கட்டையில் அது வராது. பிளாஸ்டிக் கட்டையைப் பற்றிப் பேசவே வேண்டாம், உருளச் சொன்னால் துள்ளிப்போய் சோபாவுக்கு அடியில் உட்கார்ந்துகொள்ளும். குறை என்று பார்த்தால் இரண்டு. ஒரு கட்டையின் ஓரத்தைச் சரியாகத் தேய்க்காமலே விட்டிருந்தார்கள், சின்னக் கையைக் கீறும் போலிருந்தது, உப்புத்தாள் போட்டு நானே மழுக்கினேன். அப்புறம் குழிகளில் தடவியிருந்த கறுப்பு மை சீக்கிரமே உதிர்ந்துவிட்டது. மை போனதும் விழுந்தது இரண்டா மூன்றா என்று சண்டை. அப்பத்தாவுக்கு மட்டும் சந்தேகமே வந்ததில்லை, அவருக்கு எது வேண்டுமோ கட்டையில் அதுதான் தெரியும். நெயில் பாலிஷ் ஒரு சொட்டு விட்டதும் சரியாகிவிட்டது. பித்தளை கறுத்தால் புளி இருக்கவே இருக்கிறது.

இனி ஆட்டம். ஆடத் தெரியாதவர்களுக்காகச் சுருக்கமாக: தாயம் விழுந்தால்தான் காயை இறக்க முடியும். தாயம் என்றால் ஒரு கட்டையில் வெறுமை, இன்னொன்றில் ஒன்று. இரண்டு கட்டையும் சேர்ந்து 16 விதமாக விழலாம், அதில் தாயம் வருவது 2. சராசரியாக எட்டு உருட்டலுக்கு ஒரு தாயம். இன்னொரு கணக்கும் போட்டுப் பார்த்தேன், தொடர்ந்து பத்து முறை உருட்டியும் தாயமே விழாமல் போவதற்கு ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு வாய்ப்பு இருக்கிறது. இதையெல்லாம் ஒன்றாம் வகுப்புப் பிள்ளையிடம் விளக்க முடியாது. அப்பா வந்ததும் இறங்கிவிட்டார், அம்மா இறங்கிவிட்டார், தான் மட்டும் வெளியே உட்கார்ந்திருக்கிறோம் என்பது மட்டும்தான் அவளுக்குத் தெரியும். உதடு பிதுங்க ஆரம்பித்தது. அறிவுரை நேரம் வந்துவிட்டது என்று தொண்டையைச் செருமிக்கொண்டேன்.

"பாப்பா, தாயம் விழாதப்ப ரெண்டு விஷயம் ஞாபகம் வச்சுக்க. கட்டையைத் திட்டக் கூடாது, ஏன்னா அதுக்குக் காது இல்ல. அப்பாவையும் திட்டக் கூடாது, ஏன்னா அப்பாவுக்குக் காது இருக்கு."

"அப்ப யாரைத்தாம்ப்பா திட்றது?"

நியாயமான கேள்வி. அலமாரிக்கு மேலே சும்மா கிடக்கிற கேரம் போர்டைத் திட்டச் சொன்னேன். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் எது நடந்தாலும் கேரம் போர்டுக்குத்தான் திட்டு விழுகிறது. பால் பொங்கி வழிந்தாலும் அதுதான் காரணம். என் மனைவிகூட அதைத் திட்டப் பழகிவிட்டார், அந்த வகையில் எனக்குத்தான் லாபம்.

அடுத்தது இந்தக் கட்டையிலேயே எனக்கு மிகவும் பிடித்த சமாச்சாரம். தாயம், ஐந்து, ஆறு, பன்னிரண்டு விழுந்தால் மறுபடி உருட்டலாம், எல்லாரும் ஆசைப்படுவது அதற்குத்தான். இரண்டும் வெறுமையாக விழுந்தால் பன்னிரண்டு, 16ல் ஒரே ஒரு வழி. ஆறும் அப்படியே. அதிகமாக விழக்கூடியது மூன்று, 16ல் 4 வழி. மூன்று விழுந்தால் மறு உருட்டல் கிடையாது, கட்டையைப் பக்கத்து ஆளிடம் கொடுத்துவிட வேண்டும். பாப்பாவுக்கு வரிசையாக மூன்றாக விழுந்த ஒரு சாயங்காலத்தில் இப்படிச் சொல்லிவைத்தேன்: "வாழ்க்கையில முக்காவாசி நாள் மூணுதான் விழும். மூணு விழுந்தா என்ன செய்யணும்? மூணு கட்டம் நகரணும், கட்டையைக் கொடுக்கணும், முறுக்கு தின்னணும்." முக்கால்வாசி என்பது கணக்குப்படி தப்புதான், ஆனால் அறிவுரைக்குப் பின்னம் ஒத்துவராது.

பிள்ளைகள் எதைக் கேட்காமல் விட்டாலும் விடுவார்கள், முறுக்கு வருகிற வாக்கியத்தை மட்டும் மறக்கவே மாட்டார்கள். இந்த வருஷ இன்கிரிமென்ட் பற்றி அடுப்படியில் நின்று மனைவியிடம் புலம்பிக்கொண்டிருந்தபோது பின்னாலிருந்து குரல் வந்தது: "மூணு விழுந்துச்சாப்பா?" கூடவே முறுக்கு டப்பாவும் என் பக்கம் நகர்ந்து வந்தது. பதில் சொல்ல வாய் இல்லை, வாயில் முறுக்கு.

வெட்டுவதில்தான் எனக்குக் கொஞ்சம் சங்கடம். அடுத்தவர் காய் நிற்கிற கட்டத்துக்கு நம் காய் போய்ச் சேர்ந்தால் அது வெட்டுப்பட்டு வெளியே போய்விடும், பாவம் மறுபடியும் தாயத்துக்குத் தவம் கிடக்க வேண்டும். அதிலும் எங்கள் பக்கத்து விதிப்படி ஒரு வெட்டாவது வெட்டினால்தான் உள் கட்டத்துக்கே போக முடியும். நல்லவனாகவே சுற்றிக்கொண்டிருந்தால் வெளிவட்டத்தில் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டியதுதான். காலையில் பள்ளிக்கூட வாசலில் "எல்லார்கிட்டயும் அன்பா இருக்கணும்" என்று சொல்லி அனுப்பிவிட்டு சாயங்காலம் "வெட்டு, வெட்டு" என்று எப்படிக் கத்துவது? யோசித்து ஒரு வழி கண்டுபிடித்தேன். "வெட்டலாம், ஆனா வெட்டும்போது அவங்க முகத்துக்கு முன்னாடி சிரிக்கக் கூடாது. சிரிப்பு வந்தா கொல்லைப்பக்கம் போய்ச் சிரிச்சுட்டு வா." சொன்னதைச் சொன்னபடி செய்கிற பிள்ளை. என் காயை வெட்டியதும் எழுந்து கொல்லைக்கு ஓடுவாள், தெருவுக்கே கேட்கிற மாதிரி ஒரு சிரிப்பு, திரும்பி வந்து துக்கம் விசாரிக்க வந்தவர்களின் முகத்தோடு உட்காருவாள். "பரவாயில்லப்பா, தாயம் விழும்" என்று ஆறுதல் வேறு. இதற்குச் சிரித்துத் தொலைத்திருக்கலாம்.

யாரை வெட்டுவது என்பதிலும் கொஞ்சம் வழிகாட்டியிருக்கிறேன். "அம்மா காயை வெட்டுறதுக்கு முன்னாடி ராத்திரி என்ன டிபன்னு கேட்டுக்க. பூரின்னா வெட்டாதே. உப்புமான்னா யோசிக்கவே யோசிக்காதே." இது என் மனைவி காதில் விழுந்து, தொடர்ந்து உப்புமாவே வந்து, யாரும் யாரையும் வெட்டலாம் என்ற நிலைமை உண்டானது தனிக்கதை.

பெருக்கல் குறி போட்ட கட்டங்களை மலை என்போம், காய் கடைசியில் போய்ச் சேர வேண்டிய நடுக்கட்டத்தைப் பழம் என்போம். மலையில் இருக்கும் காயை யாரும் வெட்ட முடியாது. பாப்பா ஒரு காயை மலையில் ஏற்றிவிட்டு இறக்கவே மாட்டேன் என்று அடம்பிடித்தாள். பாதுகாப்பாம். "அங்கேயே உட்கார்ந்தா யாரும் தொட மாட்டாங்க, ஆனா பழமும் எடுக்க முடியாது. இதுக்குப் பேருதான் அரசாங்க உத்தியோகம்" என்றேன். உள்ளே டிவி பார்த்துக்கொண்டிருந்த என் அப்பா கருவூலத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். "அந்த உத்தியோகத்துலதான் உன்னைப் படிக்கவச்சேன்" என்று ஒரு குரல் வந்தது, ஆட்டம் சிறிது நேரம் நின்றது.

அப்பத்தா உருட்டுகிற முறையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். மற்றவர்கள் உருட்டுவார்கள், அவர் இழைப்பார். ஒரு கட்டை உருளும், இன்னொன்று தரையோடு தரையாக வழுக்கிக்கொண்டு போய், புறப்பட்டபோது எந்தப் பக்கம் மேலே இருந்ததோ அதே பக்கத்தோடு நிற்கும். வழவழப்பான டைல்ஸ் தரையில் இது ரொம்பச் சுலபம், அதனால் டைல்ஸ் போட்ட வீட்டுக்காரர்கள் கோரைப்பாய் விரித்து ஆடுவது நல்லது, சத்தமும் கீழ்வீட்டுக்குப் போகாது. பாப்பா கண்டுபிடித்துவிட்டாள். "அப்பத்தா கள்ளாட்டம்!" அப்பத்தா அசரவில்லை. நான்தான் நடுவில் புகுந்தேன்: "வயசானவங்க செஞ்சா அதுக்குப் பேரு கைப்பழக்கம் பாப்பா. நீ செஞ்சாத்தான் கள்ளாட்டம். அம்பது வருஷம் பொறு." இந்த அறிவுரையை என் மனைவி அன்றே ரத்து செய்துவிட்டார்.

படிப்புக்கு உதவுமா என்று கேட்பவர்களுக்கு: உதவுகிறது. பன்னிரண்டு, ஐந்து, மூன்று என்று தொடர்ந்து விழுந்தால் அவற்றைப் பிரித்து வெவ்வேறு காய்களுக்குக் கொடுக்கலாம். எந்தக் காய்க்கு எது கொடுத்தால் வெட்டு கிடைக்கும், எது மலையேறும் என்று பாப்பா விரல் விடாமல் கணக்குப் போடுகிறாள். பள்ளி நோட்டில் அதே ஐந்தும் மூன்றும் வந்தால் ஏன் முழிக்கிறாள் என்பதற்கு என்னிடம் பதில் இல்லை, கணக்கு நோட்டில் யாரையும் வெட்ட முடியாது என்பதால் இருக்கலாம்.

துணியைப் பற்றி நல்லதாகச் சொல்ல அதிகம் இல்லை. முதல் துவைப்பிலேயே சிவப்புக் கோடு வெள்ளைக் கட்டத்துக்குள் இறங்கிவிட்டது. மடிப்பு விழுந்த இடத்தில் கட்டை சாய்ந்து நிற்கும், உடனே மறுபடி உருட்டணும், வேண்டாம், அது ஆறுதான் என்று பஞ்சாயத்து. நாலு கை நீட்டிய பெரிய கட்டம் வேறு, ஒரு ஆட்டம் முடிவதற்குள் சின்னப் பிள்ளைக்குத் தூக்கம் வந்துவிடும். நாங்கள் அதைச் சுருட்டி வைத்துவிட்டு சாக்பீஸால் தரையில் ஐந்துக்கு ஐந்து கட்டம் போட்டுக்கொண்டோம். வெளிவட்டம் 16, உள்வட்டம் 8, நடுவில் பழம் ஒன்று. சீக்கிரம் பழுக்கும், சீக்கிரம் சண்டை முடியும். பிளாஸ்டிக் காய்கள் ஃபேன் காற்றுக்கே நகர்கின்றன (அப்பத்தாவின் காய்கள் ஃபேன் இல்லாமலும் நகரும்). புளியங்கொட்டையும் கூழாங்கல்லும் எவ்வளவோ மேல். தவழுகிற குழந்தை இருக்கிற வீட்டில் ஆட்டம் முடிந்ததும் காய்களை எண்ணி எடுத்து வைத்துவிடுங்கள், அவர்களுக்கு எல்லாமே தின்பண்டம்.

எடுத்து வைப்பது என்றதும் ஞாபகம் வருகிறது. கட்டையை ஆடின இடத்திலேயே போட்டுவிட்டுப் போகும் பழக்கம் பாப்பாவுக்கு உண்டு. மதுரையிலிருந்து சிறிது தூரத்தில் இருக்கும் கீழடியில், அகழாய்வில் தந்தத்தில் செய்த பகடை கிடைத்திருக்கிறது, 2023ல் அங்கே அருங்காட்சியகமும் திறந்துவிட்டார்கள். இதைவிட நல்ல சந்தர்ப்பம் அமையாது என்று நினைத்து, "பார்த்தியா, எடுத்த சாமானை எடுத்த இடத்துல வைக்கலைன்னா ரெண்டாயிரம் வருஷம் கழிச்சுத் தொல்லியல் துறைக்காரங்க வந்து தோண்டி எடுக்கணும்" என்றேன். அவள் கொஞ்ச நேரம் யோசித்தாள். "அதைத் தொலைச்ச பாப்பாவை அவங்க அப்பா திட்டுனாராப்பா?" திட்டியிருப்பார் என்றேன். "அவங்க வீட்ல கேரம் போர்டு இல்லையா?"

யாருக்குச் சிபாரிசு செய்வேன்? ஐந்து வயதுக்கு மேல் பிள்ளை இருக்கிற யாருக்கும். கட்டைக்கு ஐந்துக்கு நாலரை, ஓரம் தேய்க்காததற்கு அரை கழித்துவிட்டேன். துணிக்கும் பிளாஸ்டிக் காய்க்கும் ஒன்றரை, அதுவும் சுருக்குப்பையை உத்தேசித்து. ஆகவே செட்டாக வாங்காமல் கட்டையை மட்டும் தனியாகக் கேளுங்கள், பெரும்பாலும் தருவார்கள். வாங்கும்போது ஒன்று பாருங்கள்: நாலு பக்கமும் ஒரே அகலமாக இருக்க வேண்டும். இரண்டு கட்டையையும் ஒட்டி வைத்து ஒன்றை மட்டும் கால் திருப்பு திருப்பினால் உயரம் மாறக் கூடாது. மாறினால் அகலமான பக்கமே அடிக்கடி விழும், அந்தக் கட்டையில் தாயம் எட்டுக்கு ஒன்று என்ற கணக்கெல்லாம் செல்லாது. கல்லாப் பக்கத்திலேயே நாலைந்து தடவை உருட்டிப் பாருங்கள், நல்ல கடைக்காரர் ஒன்றும் சொல்ல மாட்டார். பிள்ளையைக் கூட்டிக்கொண்டு மட்டும் போக வேண்டாம். தாயம் விழாமல் கடையை விட்டு இறங்க மாட்டார்கள், பின்னால் நிற்கும் வாடிக்கையாளருக்கெல்லாம் நீங்கள் முறுக்கு வாங்கித் தர வேண்டியிருக்கும்.